இரண்டு பேருக்குக் கட்டிய சோறு

நான்கு வருடங்களுக்கு முன்பு, பங்குனி உத்திரத்துக்கு முதல் நாள் காலை. ஈப்போவிலிருந்து சுங்கை சிப்புட்டைத் தாண்டி உள்ளே இருக்கும் ஒரு பழைய ரப்பர் தோட்டத்துக்கு லாரியில் போனோம். ரப்பரை வெட்டிவிட்டுச் செம்பனை எண்ணெய் மரம் வைத்ததும், ஆட்களெல்லாம் டவுனுக்கு வந்துவிட்டார்கள். கோயில் மட்டும் அங்கேயே இருக்கிறது. மறுநாள் திருவிழாவுக்குக் கூடாரம் போடுவதுதான் எங்கள் வேலை. பிள்ளைகளே, நான் அதிகம் படித்தவன் இல்லை. நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன்.

லாரி வாடகை லாரி. டிரைவருக்குப் பக்கத்தில் ஓர் ஆள்தான் உட்காரலாம். என்னோடு வேலை செய்யும் நண்பர் அந்த இடத்தை எனக்குக் கொடுத்துவிட்டார்.

"உங்க இடுப்புக்கு முன்னாடிதான் சரி. எனக்கு இங்க மெத்தை இருக்கு, ஏர்கோன் இருக்கு. முதலாளி காருலகூட இப்படிக் கெடைக்காது லா!" என்று சிரித்துக்கொண்டே, பின்னால் மடித்துப் போட்டிருந்த கூடாரத் துணிமேல் ஏறி உட்கார்ந்தார்.

அவர் மனைவி எனக்கும் சேர்த்துச் சோறு கட்டிக் கொடுத்திருந்தார். இரண்டு அடுக்கு டப்பா. அதை நண்பர் என் பையில் வைத்தார். "நெத்திலி சம்பல்ணே. வழியிலேயே தொறந்துறாதீங்க, எனக்கு வாசம் வந்துரும்!"

தோட்டத்து வளைவில் டிரைவர் வேகத்தைக் குறைக்கவில்லை. லாரி பள்ளத்தில் சாய்ந்தது. எனக்குக் கை முறிந்தது. நண்பர் கூடாரத்து இரும்புக் கம்பிகளுக்கு அடியில் போய்விட்டார். அதற்கு மேல் எழுத வேண்டாம்.

ஆஸ்பத்திரியில் டிரைவர் என் கட்டில் ஓரமாக நின்று அழுதார். "அண்ணே, பின்னாடி ஆள் ஏத்துனேன்னு தெரிஞ்சா என் லைசென்ஸ் போயிரும்ணே. எனக்கும் மூணு புள்ளைங்க. திருவிழாவுக்குத் தோட்டத்துக்குப் போறவரு, வழியில டீக்கு நிறுத்துனப்ப எனக்குத் தெரியாம ஏறிட்டாருன்னு சொல்லிருங்கண்ணே."

போனவர் போய்விட்டார், இருப்பவராவது பிழைக்கட்டும் என்று நினைத்தேன். போலீசில் அப்படியே சொன்னேன். நாள் கூலி ஆட்களின் பெயரை எங்கள் முதலாளி எங்கேயும் எழுதி வைப்பதில்லை. அவரும் வாயைத் திறக்கவில்லை. ஒருவருக்கு நல்லது செய்துவிட்டோம் என்று நான் நிம்மதியாகக்கூட இருந்தேன்.

ஆறேழு மாதம் கழித்து நண்பரின் மனைவி என் வீட்டுக்கு வந்தார். கையில் லாரிக்கு இன்சூரன்ஸ் கொடுத்திருந்த காப்புறுதி நிறுவனத்தின் கடிதம். அவருடைய வழக்கறிஞர் அதைப் படித்துச் சொல்லியிருக்கிறார்.

"சாமான் லாரியில சும்மா ஏறி வந்தவருக்குக் காப்புறுதி கெடையாதாம்ணே. வேலைக்காகக் கூட்டிட்டுப் போயிருந்தாத்தான் கெடைக்குமாம். சும்மா ஏறுனாருன்னு நீங்கதான் ரிப்போர்ட்ல சொல்லியிருக்கீங்களாம்."

அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். அவர் கண் எங்கள் அலமாரிக்குப் போனது. அங்கே அந்த டப்பா இருந்தது. கழுவி வைத்திருந்தேன். திருப்பிக் கொடுக்கத்தான் தைரியம் வரவில்லை.

"திருவிழா மறுநாள்தானேண்ணே? அன்னிக்குக் கோயில்லயே அன்னதானம் போடுவாங்க. சும்மா திருவிழாவுக்குப் போறவருக்கு நான் எதுக்கு முதல் நாளே சோறு கட்டிக் குடுக்கணும்? அதுவும் உங்களுக்கும் சேத்து?"

என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. "டப்பா இன்னும் கொஞ்ச நாள் என்கிட்ட இருக்கட்டும் தங்கச்சி," என்று மட்டும் சொன்னேன்.

மறுநாள் காலையிலேயே போலீஸ் நிலையம் போனேன். "அப்போ முதலில் சொன்னது பொய்யா?" என்று அதிகாரி மலாயில் கேட்டார். "பொய்தான், துவான்," என்றேன். பொய் ரிப்போர்ட் கொடுத்ததற்கு என்மேலேயே வழக்கு வரலாம் என்று எச்சரித்தார். வரட்டும் என்று கையெழுத்துப் போட்டேன்.

தங்கச்சி போட்ட இழப்பீட்டு வழக்கில், நீதிமன்றத்தில் காப்புறுதி நிறுவனத்தின் வழக்கறிஞர், "அன்று ஒன்று சொன்னீர்கள், இன்று ஒன்று சொல்கிறீர்கள். எதை நம்புவது?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். என்னிடம் வேறு ஆதாரம் இல்லை. திருவிழாவுக்கு முதல் நாளே எங்கள் இரண்டு பேருக்கும் சேர்த்துக் கட்டிய அந்தச் சோற்றைப் பற்றிச் சொன்னேன். அடுத்த நாள் சாட்சி சொல்ல வந்த முதலாளியும் கடைசியில் உண்மையை ஒப்புக்கொண்டார்.

நண்பர் வேலைக்காகத்தான் லாரியில் போனார், காப்புறுதி நிறுவனம் இழப்பீடு கொடுக்க வேண்டும் என்று தீர்ப்பு வர இரண்டு வருடத்துக்கு மேல் ஆனது. அதுவரை அந்தத் தங்கச்சி காலையில் ஓர் இடம், மாலையில் ஓர் இடம் என்று வேலை பார்த்துப் பிள்ளைகளைக் காப்பாற்றினார். நான் முதலிலேயே உண்மையைச் சொல்லியிருந்தால் அவ்வளவு இழுத்திருக்காது. டிரைவருக்கு லைசென்ஸ் போனது. என்னை மார்க்கெட்டில் பார்த்தால் இப்போதும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். அவர்மேல் எனக்குக் கோபம் இல்லை.

தீர்ப்பு வந்த அன்று நீதிமன்ற வாசலில் அந்த டப்பாவைத் திருப்பிக் கொடுத்தேன். அவர் அதை வாங்கி மூடியைத் தடவிக்கொண்டே கேட்டார்: "அன்னிக்கு டீ குடிக்க நிறுத்துனீங்களாமே. அவரு ஒரு வாயாவது சாப்பிட்டாராண்ணே?"

சாப்பிட்டார் என்று சொல்ல நாக்கு நுனிவரை வந்துவிட்டது. அவர் மனசு ஆறட்டுமே என்றுதான்.

"இல்ல தங்கச்சி. தொறக்கவே இல்ல," என்றேன்.

அவர் தலையை ஆட்டினார். டப்பாவை மார்போடு வைத்துக்கொண்டு பஸ் நிற்கும் பக்கம் நடந்தார்.

இறந்தவர் திரும்பி வந்து தன் பக்கத்தைச் சொல்ல முடியாது, பிள்ளைகளே. அதனால் அவரைப் பற்றி நான் எப்போது வாய் திறந்தாலும், அவர் எனக்குப் பின்னால் அந்தக் கூடாரத் துணிமேல் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருப்பதாகவே இன்றும் நினைத்துக்கொள்கிறேன்.