படத்தில் இல்லாத மாமாவின் பெயர்

மாமாவின் இந்த நினைவு மலரைக் கையில் எடுத்திருக்கும் உறவுகளே, நண்பர்களே! கண்ணீரோடு எழுத வேண்டிய கட்டுரையை நான் கோபத்தோடு எழுதுகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

என் கணவரின் தந்தையாகிய மாமா, அல்பேனியாவின் தென்கரையில் ஒரு சிற்றூரில் மீனவர் குடும்பத்தில் பிறந்தவர். இளவயதிலேயே அரசின் திரைப்பட நிலையத்தில் கதை வசனம் எழுதும் வேலை கிடைத்தது. அந்நாட்டில் அப்போது ஒரே கட்சி. அவர் எழுதும் ஒவ்வொரு பக்கத்தையும் கட்சிக் குழு படித்துக் கையெழுத்து வைக்க வேண்டும்.

மாமா எழுதிய ஒரு படத்தில் திருமணத்தன்று மழை பெய்யும். மணப்பெண் நனைந்தபடி சிரிப்பாள். "நமது ஆட்சியில் கல்யாண நாளில் வானம் ஏன் இருண்டிருக்கிறது?" என்று எடுத்து முடித்த படத்தைப் பார்த்துக் கேட்ட குழுத் தலைவர், மழையை நீக்கச் சொன்னார். மாமா மறுத்தார். ஒரு மழைக்காக அவரை ஏழு ஆண்டுகள் செங்கல் சூளைக்கு அனுப்பினார்கள்! மறுபடி படம்பிடிக்க வசதியில்லை என்று, கடைசியில் அதே மழையோடுதான் படத்தை வெளியிட்டார்கள். எழுதியவர் என்ற இடத்தில் குழுத் தலைவரின் பெயர் இருந்தது.

ஆட்சி மாறியபின் வந்தவர்களாவது நியாயம் செய்தார்களா? "நீ பழைய ஆட்சிக்கு எழுதியவன்" என்று கதவைச் சாத்தினார்கள். மாமா குடும்பத்தோடு ஜெர்மனியின் கொலோன் நகருக்கு வந்து, அலுவலகங்களைக் கூட்டித் துடைத்துப் பிள்ளையை வளர்த்தார். எங்கள் திருமணப் பேச்சின்போது இந்தக் கதையைக் கேட்ட, ஈழத்துப் போருக்குத் தப்பி வந்த என் அப்பா, "உவரும் எங்களைப்போல ஓடி வந்தவர்தான், பிள்ளை. வடிவாப் பார்த்துக்கொள்" என்றார்.

ஈராண்டுகளுக்கு முன் இங்கே ஒரு விழாவில் அந்தப் படத்தைப் புதுப்பித்துத் திரையிட்டார்கள். மாமா சட்டையைத் தாமே தேய்த்துப் போட்டுக்கொண்டு முன்வரிசையில் அமர்ந்தார். திரையில் வந்தது அதே குழுத் தலைவரின் பெயர்! மழைக் காட்சிக்கு அரங்கமே கைதட்டியது. மாமா கைகளை மடியில் வைத்தபடி இருந்தார்.

பெயரைத் திருத்தும்படி, படத்தை வைத்திருக்கும் காப்பகத்துக்கு மாமாவின் சார்பில் கடிதத்துக்குமேல் கடிதம் எழுதினேன். ஆதாரம் கேட்டார்கள். மாமாவைச் சூளைக்கு அனுப்பிவிட்டு அவருடைய கையெழுத்துப் பிரதியை எரித்தவர்கள் ரசீது எழுதிக் கொடுத்துவிட்டா எரித்தார்கள்? மாமாவை அடக்கம் செய்த வாரம் பதில் வந்தது: விண்ணப்பதாரர் காலமாகிவிட்டதால் கோப்பு மூடப்படுகிறது. மனிதர் போனால் அவர் எழுதியதும் போய்விடுமா?

கடைசி நாட்களில் மாமாவைத் தூக்கி இருத்தி உணவூட்டிய தாதியருக்கும், முறை வைத்து சூப் கொண்டுவந்த மேல்மாடி அயலவருக்கும், என் கோபக் கடிதங்களை நல்ல ஜெர்மனில் திருத்தித் தந்த தங்கைக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

முன்பு என் அப்பா காலமானபோது நாங்கள் அச்சிட்ட நினைவு மலரைப் புரட்டியபோது, "உள்ளே ஏன் பெயரே இல்லை?" என்று மாமா கேட்டார். உறவுமுறை சொல்லி எழுதுவதுதான் எங்கள் வழக்கம் என்றேன். "எனக்கும் இப்படி ஒன்று செய். அட்டையில் மட்டும் என் பெயரைப் போடு" என்றார்.

போட்டிருக்கிறேன். சென்ற வாரம் அச்சகத்து அண்ணை தொலைபேசியில் அழைத்தார்.

"தங்கச்சி, பெயர் நல்லாப் பெரிசாக் கிடக்குது. அட்டைப் படத்தில அவற்றை பாதி முகத்தை மறைக்குது. கொஞ்சம் சின்னனாக்கட்டோ?"

"முகம் எங்களுக்குத் தெரியும், அண்ணை. பெயரைச் சின்னனாக்க ஏலாது."