கரண்ட் வந்தால் கூப்பிடும் ரம்பம்

எகிப்தின் தும்யாத் ஊரில் கட்டில் செய்யாத தெரு ஏது? தச்சு மேஸ்திரி பஸ்யூனியின் தெருவிலும் பட்டறைக்குப் பட்டறை மின்ரம்பம். மதியம் கரண்ட் போனதும் ஆட்கள் டீக்கடைக்குக் கிளம்பிவிடுவார்கள். சுவிட்சை மட்டும் அணைக்க மாட்டார்கள். கரண்ட் வந்தால் ரம்பமே சுழன்று, சத்தம் போட்டுக் கூப்பிடுமாம். என்ன புத்திசாலித்தனம்! நாசமாய்ப் போக!

அந்தப் புத்திசாலித்தனத்தில்தான் பஸ்யூனிக்கு வலது கையில் இரண்டு விரல் போயிற்று. கரண்ட் இல்லாத தைரியத்தில், ரம்பத்தின் பல்லில் சிக்கிய மரச் சிம்பை எடுக்கக் கையை விட்டார். அந்த நேரம் பார்த்து வந்து தொலைத்தது. ஊர் வழக்கப்படி விரல்களைக் கழுவி, வெள்ளைத் துணியில் சுற்றி, அப்பாவின் கபருக்குப் பக்கத்தில் புதைத்தார்கள்.

அன்றோடு நிம்மதி போயிற்று. தெருவில் எங்கே ரம்பம் ஓடினாலும், இல்லாத விரல்கள் இரண்டும் சில்லிடும். ஈரமண் அப்பியது போல இருக்கும். உதறிப் பார்ப்பார், போகாது. இப்போது ரம்பத்தில் நிற்பவன் தம்பி ஷவ்கி. அவன் கைக்கும் ஏதாவது வந்துவிடுமோ என்ற பயம் அவரை அரித்துத் தின்றது.

"அலகுல கை வைக்கறதுக்கு முன்னாடி பிளக்கைப் பிடுங்குடா."

"ஆரம்பிச்சுட்டியாண்ணே! உனக்கென்ன கவலை? ரெண்டு பேர் முன்னாடியே போய், அப்பா பக்கத்துல துண்டு போட்டு உனக்கு இடம் பிடிச்சு வெச்சிருக்காங்க."

டீக்கடையே சிரிக்கும். பஸ்யூனியும் பல்லைக் காட்டி வைப்பார், என்ன செய்ய.

அன்றைக்குக் கரண்ட் போய் எல்லோரும் டீக்கடையில் இருக்க, ஷவ்கியைக் காணோம்.

"எங்கடா அவன்?"

"அலகு மழுங்கிடுச்சாம் மேஸ்திரி. சும்மா இருக்கற நேரத்துல மாத்திடறேன்னான்."

டீ சிந்தியதுகூடத் தெரியாமல் ஓடினார். பட்டறைக்குள் அரையிருட்டு. சுவிட்ச் போட்டபடியே இருந்தது. ஷவ்கி இடது கையால் அலகை அழுத்திப் பிடித்துக்கொண்டு, ஸ்பானரால் நட்டைத் திருகிக்கொண்டிருந்தான். பஸ்யூனி சுவரோடு சாய்ந்து பிளக்கைப் பிடுங்கினார்.

"ஏண்ணே இப்படி ஓடி வர்றே? பேய் கீய் பார்த்தியா?"

சொல்லி வாய் மூடவில்லை, தெரு முழுக்க ரம்பங்கள் ஒரே நேரத்தில் அலறின. அவர்களுடையது மட்டும் பேசாமல் நின்றது.

ஷவ்கியின் கை இன்னும் பல்லின் மேல்தான் இருந்தது. முகம் வெளிறிவிட்டது.

"அண்ணே, கையை எடுக்க வரலைண்ணே."

பஸ்யூனி ஒவ்வொரு விரலாகப் பிரித்து எடுத்துவிட்டார். எடுத்ததும் ஓங்கி ஓர் அறை விட்டார். பிறகு அவரே உட்கார்ந்து ஓவென்று அழுதார். சாயங்காலம் வரை பிளக்கைக் கையிலிருந்து விடவில்லை. கொடு என்று ஷவ்கியும் கேட்கவில்லை.