தண்டத்துக்குத் தடை கேட்ட நாட்கள்

நயினாதீவுக்கும் குறிகட்டுவானுக்கும் இடையில் ஆட்களை ஏற்றி இறக்கும் படகு ஒன்று எனக்கு இருக்கிறது. அதை வாங்கக் கனடாவிலிருந்து அக்கா மூன்று வருடமாகக் காசு அனுப்பினார். வரிக் கந்தோர் அதை என் வருமானம் என்று எடுத்து, வரியோடு பெரிய தண்டமும் விதித்தது. தவணைக்குள் மேன்முறையீடு செய்தேன். அது முடியும்வரை யாரும் கை வைக்கமாட்டார்கள் என்று நம்பியிருந்தேன்.

ஒரு திங்கட்கிழமை வங்கிக்குப் போனபோது என் கணக்கை மறித்திருப்பதாகச் சொன்னார்கள். தண்டத்தை அறவிடச் சொல்லிக் கடிதம் வந்திருந்தது. தீவுக் கோயில் திருவிழாவுக்கு ஐந்து வாரம்தான் இருந்தது. படகைக் கரையேற்றி அடிப்பலகை மாற்றாமல் திருவிழாச் சனத்தை ஏற்ற ஏலாது; அதற்கான காசு அந்தக் கணக்கில்தான் இருந்தது.

யாழ்ப்பாணத்தில் ஒரு சட்டத்தரணியிடம் போனேன். நடுத்தர வயதுப் பெண்.

"மேன்முறையீடு முடியுமட்டும் தண்டத்தை அறவிடக்கூடாதெண்டு கொழும்பு கோர்ட்டிலை தடை உத்தரவு கேக்கலாம்," என்றார். "ஆனா உங்கடை பக்கம் நியாயம் இருக்கெண்டு காட்டவேணும். காசு தான் குடுத்ததெண்டு அக்கா சத்தியக்கடதாசி தருவாதானே?"

"ஓம், தருவா."

அக்காவுக்குத் தொலைபேசி எடுத்தேன். விஷயத்தைச் சொன்னேன்.

"தம்பி, அத்தானுக்கு இது தெரியாது. ஓவர்டைம் செய்து சேர்த்த காசு. அவருக்குச் சொல்லாமல்தான் அனுப்பினனான். சத்தியக்கடதாசி தந்தா இனி மறைக்க ஏலாது."

காரணம் எனக்குத் தெரியும். முன்பு தெற்கில் நான் கடை போட்டபோது முதலீட்டுக் காசு தந்தவர் அக்காவின் கணவரான அந்த அத்தான்தான். கடை நொடித்தது. அதன்பின் எனக்கு ஒரு சதமும் கொடுக்கக்கூடாது என்று சொல்லியிருந்தார்.

அன்றிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. இறங்குதுறைக்குப் போவேன், படகைத் தொட்டுப் பார்ப்பேன், திரும்பி வருவேன். சோற்றைப் பிசைந்துவிட்டு எழும்பிவிடுவேன். "ஓரிடத்திலை இருங்கோவன்," என்று மனைவி சலித்துக்கொண்டாள். 'வேண்டாம் அக்கா, விடுங்கோ' என்று கைபேசியில் எழுதுவதும் அழிப்பதுமாக நான்கு நாள் போயிற்று. ஐந்தாம் நாள் அழைத்தே சொன்னேன்.

"நான் அவருக்குச் சொல்லிப்போட்டன்," என்றார் அக்கா.

"என்ன சொன்னவர்?"

"சாப்பிடாமல் வேலைக்குப் போயிட்டார்."

சத்தியக்கடதாசி வந்தது. வழக்கு எடுத்த அன்று கொழும்புக்குப் போய்க் கடைசி வாங்குப்பலகையில் இருந்தேன். எல்லாம் ஆங்கிலம். முகங்களை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். நீதிபதி ஏதோ கேட்க, வரிப்பக்கத்துச் சட்டத்தரணி கோப்பை முன்னும் பின்னும் புரட்டினார். வெளியே வந்த பிறகுதான் என் சட்டத்தரணி விளங்கப்படுத்தினார்.

"மேன்முறையீட்டுக்கு எப்ப திகதி எண்டு நீதிபதி கேட்டவர். திகதியே போடேல்லை. அதுதான் தண்டத்தை இப்ப அறவிட வேண்டாம் எண்டிட்டார். கணக்கைத் திறந்துவிடச் சொல்லியாச்சு. ஆனா வரியிலை ஒரு பங்கு நீங்கள் வைப்பிலிட வேணும். படகை விக்கவும் ஏலாது."

"அப்ப தண்டம் இல்லையோ?"

"இல்லையெண்டில்லை. இப்போதைக்கு நிக்குது."

உத்தரவின் பிரதி வரவில்லையென்று வங்கியில் இரண்டு தரம் திருப்பி அனுப்பினார்கள். மூன்றாம் தரம் கணக்குத் திறந்தது. கொடியேற்றத்துக்கு இரண்டு நாள் முன்பு, அடிப்பலகை மாற்றிய படகு தண்ணீரில் இறங்கியது.

திருவிழாவின் நடுவில், துறையில் ஆட்களை ஏற்றிக்கொண்டிருந்தபோது அத்தான் அழைத்தார். ஆறு வருடத்துக்குப் பிறகு அவருடைய குரலைக் கேட்டேன்.

"தண்டம் நிண்டிட்டுதாம்?"

"ஓம் அத்தான். மேன்முறையீடு முடியுமட்டும்."

"எனக்குச் சொல்லியிருக்கலாம்தானே. ரெண்டு பேரும் என்னை ஆரெண்டு நினைச்சியள்?"

"பிழைதான் அத்தான்," என்றேன். அவர் தொலைபேசியை வைத்துவிட்டார். அக்காவோடு இப்போது பேசுகிறாராம், முந்தியளவு இல்லை.

மேன்முறையீட்டுக்கு இன்னும் திகதி போடவில்லை. தபால்காரரின் மணிச்சத்தம் கேட்டால், சாப்பாட்டில் இருந்தாலும் எழும்பி வாசலுக்குப் போகிறேன்.