கனகு அண்ணை எழுதாமல் விட்ட வரலாறு

புதன்கிழமை எங்கள் வாரப் பத்திரிகைக்குப் பக்கம் முடிக்கும் நாள். காலையில் தொலைபேசி அடித்தபோது, கட்டுரை தராமல் இழுத்தடிக்க ஆசிரியர் கனகு அண்ணை புதிதாக ஏதோ காரணம் சொல்லப்போகிறார் என்றுதான் எடுத்தேன். பேசியது அவருடைய மனைவி. "பிள்ளை, அவர் விடிய எழும்பேல்லை," என்றார். எனக்கு முதலில் வந்தது அழுகையல்ல, கோபம். பத்திரிகையின் வரலாற்றை அந்தக் கிழமை கட்டாயம் எழுதித் தருவதாகச் சொல்லியிருந்தார். அதை முழுதாகத் தெரிந்த கடைசி ஆளும் அவர்தான்.

அவரோடு வேலை செய்தவர்களுக்கு இந்தக் கோபம் விளங்கும். கிளிநொச்சிக்கு எந்த மந்திரி வந்து எதைத் திறந்துவைத்தாலும் முதல் பக்கத்தில் இரணைமடுக் குளத்து நீர்மட்டம்தான் மேலே வரவேண்டும். "மந்திரி திரும்பிப் போயிடுவார். சனம் விதைக்கிறதோ விடுறதோ எண்டு முடிவெடுக்க வேணும்," என்பார். அதையும் தொலைபேசியில் கேட்டு எழுத விடமாட்டார். தானே சைக்கிளில் போய்ப் பார்த்துவிட்டு, வழியில் கண்டவர்களோடெல்லாம் கதைத்துவிட்டு, அச்சகம் பூட்டுகிற நேரத்துக்கு வந்து நிற்பார். நான் பல்லைக் கடித்துக்கொண்டு இடம் விட்டு வைத்திருப்பேன்.

மரண அறிவித்தலிலும் இதே தொல்லை. வெள்ளிக்கு வெள்ளி மட்டும் வருகிற பத்திரிகை என்பதால் எங்கள் ஆட்களிடம் ஒரு பழக்கம் உண்டு. வயதானவருக்கு நோய் கடுமை என்றால் உயிர் போகுமுன்பே அறிவித்தலைக் கொடுத்துவிடுவார்கள். விட்டால் அடுத்த வெள்ளிக்குள் எட்டாம் நாள் சடங்கான எட்டுச் செலவே முடிந்துவிடுமே! ஒருமுறை ஓமந்தையிலிருந்து அப்படி ஒன்று வந்தது. நேரில் பார்க்காமல் போடமாட்டேன் என்று அண்ணை பஸ் ஏறினார். அங்கே 'காலமானவர்' கதிரையில் இருந்து தேத்தண்ணி குடித்துக்கொண்டு, "பேப்பர்க்காரரோ? இந்த முறை நெல்லு என்ன விலை போகுது?" என்று கேட்டாராம். இவரும் இருந்து கதைத்து, சாப்பிட்டுவிட்டு வந்தார். "சாகாதவரைச் சாகடிக்கிற வேலை எங்களுக்கு வேண்டாம், பிள்ளை," என்றார். அச்சுக்குப் போகிற நேரத்தில் அந்த வெறும் பெட்டியை நிரப்பியது நான்.

வரலாற்றைக் கேட்டால் வாயால் அழகாகச் சொல்வார். போரால் தாள் வராத காலத்தில் பள்ளிக்கூடக் கொப்பித் தாளில் அச்சடித்ததையும், இடம்பெயரும்போது அச்சு இயந்திரத்தை உழவு இயந்திரப் பெட்டியில் ஏற்றி, அதன்மேல் நெல்மூட்டை அடுக்கியதையும் சொல்லக் கேட்டுக்கொண்டே இருக்கலாம். எழுதுங்கள் என்றால் மட்டும், "வாற கிழமை." பழைய இதழ் ஒன்றுகூட எங்களிடம் மிஞ்சவில்லை. அவரும் போனால் எல்லாம் போய்விடும் என்றுதான் விடாமல் நச்சரித்தேன். ஒருநாள் பொறுமை கெட்டு, "உங்களுக்கு எழுத விருப்பமில்லையோ?" என்று கேட்டேவிட்டேன்.

"மோகனை விட்டிட்டு எழுதேலாது," என்றார்.

மோகன் எங்கள் வட்டக்கச்சி நிருபர். நான் வேலைக்குச் சேருமுன்பே, கடைசி இடப்பெயர்வில் காணாமல் போனவர்.

"அவனைப் பற்றித் தொடங்கினால் எங்க கொண்டுபோய் முடிக்கிறது? செத்தவன் எண்டும் எழுதேலாது, இருக்கிறான் எண்டும் எழுதேலாது. தாய் ஒவ்வொரு வெள்ளியும் பேப்பர் வாங்கிறவா. அவா வாசிப்பா."

"அப்ப அவாவிட்டையே கேளுங்கோவன்."

"என்னெண்டு கேக்கிறது?"

ஊரிலுள்ள எல்லாப் படலையையும் திறந்துகொண்டு போகிற மனிதர், அந்த ஒரு வீட்டுக்கு மட்டும் போகமாட்டார். அதன்பிறகு நான் நச்சரிப்பதைக் குறைத்தேன் என்று சொன்னால் பொய். கூட்டினேன். கடைசியில் என் தொல்லை தாங்காமல்தான் அந்தக் கிழமை தருவதாகச் சொன்னார். ஒரு வரிகூட எழுதியிருக்கவில்லை.

செத்தவீட்டுக்கு மோகனின் தாய் பூமணியம்மா வந்திருந்தார். என் கையைப் பிடித்து ஒதுக்குப்புறமாகக் கூட்டிக்கொண்டு போனார்.

"பேப்பரில வேலை செய்யிறது நீர்தானே, பிள்ளை? அவர் இருக்கேக்க கேக்க எனக்குப் பயமாயிருந்தது. இவ்வளவு காலமா மோகன்ர பேர் ஒருக்காலும் பேப்பரில வரேல்லை. அவன் அங்க ஏதும் பிழை விட்டவனோ?"

மகனுடைய பெயரைத் தேடித்தான் இந்த அம்மா வெள்ளிக்கு வெள்ளி பேப்பர் வாங்கியிருக்கிறார். இல்லையம்மா, உங்களை நோகடிக்கப் பயந்துதான் அவர் எழுதவில்லை, எங்கே முடிப்பதென்று அவருக்குத் தெரியவில்லை என்று தட்டுத்தடுமாறிச் சொன்னேன்.

"ஏன் முடிக்கிறியள்? அவன் என்ன வேலை செய்தவன் எண்டு எழுதுங்கோ. அவ்வளவுதான் நான் கேக்கிறது."

ஒருதரம், ஒரேயொரு தரம் போய்க் கேட்டிருக்கலாமே, அண்ணை. நீங்களும் அந்த அம்மாவும் இத்தனை காலம் ஒருவருக்கொருவர் பயந்துகொண்டு இருந்திருக்கத் தேவையில்லை. உங்கள் இரக்கத்தை நான் மறக்கமாட்டேன். அது அந்த அம்மாவுக்குச் செய்த வேலையை மன்னிக்கவும் மாட்டேன். உங்களிடமிருந்து எனக்கு மிஞ்சியவை இந்த இரண்டும்தான்.

நீங்கள் வாயால் சொன்னவற்றில் நினைவிலிருப்பதை வைத்து வரலாற்றை நானே எழுதத் தொடங்கிவிட்டேன். முதல் பந்தியில் மோகன் வருகிறார். அதைக் கொண்டுபோய்ப் பூமணியம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். கேட்டு முடித்ததும், இன்னொருக்கால் வாசிக்கச் சொன்னார்.