அங்கிள் சொன்னபடியே

அமெரிக்க நகரமான ஃப்ரீமான்ட்டின் கேபிள் டிவி ஸ்டுடியோவை விட்டு நடந்துகொண்டிருந்தேன். தமிழ்ச் சங்கச் செயலாளர் பின்னாலேயே ஓடிவந்தார். "தம்பி, ஷோ இன்னும் முடியல!"

"எனக்கு முடிஞ்சுது சார்."

ஞாயிறுதோறும் எங்கள் நிகழ்ச்சி நேரலையில் போகும். டைரக்டர் அங்கிள், மெட்ராஸில் டிவி வந்த புதிதில் நேரடி நாடகங்கள் இயக்கியவர். வயதானபின் பதற்றத்தில் இடதை வலது என்பார். கேமராமேனான நான் அவர் நினைத்ததைப் புரிந்துகொண்டு காட்டிவிடுவேன். அதற்கு முந்தின வாரம், என்னால் சமாளிக்க முடியாமல் போன தன் தவறு ஒன்றுக்கு எல்லோர் முன்னாலும் என்னைத் திட்டினார். "எட்டாங்கிளாஸ் ஃபெயிலை கேமராவுல நிக்க வெச்சா இப்படித்தான். சொன்னதை மட்டும் செய்டா!"

அன்று அதைத்தான் செய்தேன். பரதநாட்டியத்தின் நடுவே "வலது போ" என்றார். வெறும் சுவர் தெரிந்தது. "இன்னும் போ!" பஜ்ஜி தின்றுகொண்டிருந்த செயலாளர் எல்லார் வீட்டு டிவியிலும் தெரிந்தார்.

ஹெட்ஃபோனில் அங்கிளின் குரல் இறங்கியது. "இத்தனை நாளும் நீதான் சரி பண்ணிட்டிருந்தியா?"

"ஆமா அங்கிள்" என்றேன். கேமராவைத் திருப்பவில்லை. ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்துவிட்டு வெளியேறினேன்.

அன்றோடு அவரை விலக்கிவிட்டார்கள். எனக்குச் சந்தோஷம்தான், மறைக்கவில்லை. ஆனால் அவர் கோபமில்லாமல் கேட்டது இன்னும் உறுத்துகிறது.

மறுநாள் காலை மவுரி அவென்யூ மளிகைக் கடையில் அரிசி மூட்டை இறக்கும் வேலையில் சேர்ந்தேன். ஒவ்வொரு மூட்டையையும் எங்கே வைப்பது என்று முதலாளியிடம் கேட்டுக் கேட்டே இறக்கினேன்.