தம்பிக்கு இல்லாத வரி

எழுபதுகளின் கடைசியில் நான் அரசாங்கக் காண்ட்ராக்டராகப் பதிவு செய்துகொண்டேன். பெரிய காண்ட்ராக்டர் என்று சொல்ல முடியாது. உத்திரமேரூரைச் சுற்றியுள்ள ஊர்களில் ஏரி மதகு பழுது பார்ப்பது, பள்ளிக்கூடத்துக்குச் சுற்றுச்சுவர் எழுப்புவது, ஓடையின் குறுக்கே சிறுபாலம் கட்டுவது, இப்படி. கைமுதல் வேண்டியிருந்ததால் என் பங்கு நிலத்தைத் தம்பிக்கே கொடுத்துவிட்டுப் பணமாக வாங்கிக்கொண்டேன். கிணறும் கரண்டு மோட்டாரும் அவன் பக்கம் போயின. சாரக்கட்டைகளும் இரும்புச் சட்டிகளும் என் பக்கம் வந்தன. எதிரெதிர் வீடுகளில் இருந்தோம். பாகம் பிரிந்ததில் எனக்கு எந்த வருத்தமும் இருக்கவில்லை, காஞ்சிபுரத்தில் ஆடிட்டரைப் போய்ப் பார்க்கிறவரை.

ஆடிட்டர் என் வயதுக்காரர்தான். பட்டுக்கடை ஒன்றின் மாடியில் அறை வைத்திருந்தார். நான் கொண்டுபோன பில்களை ஒரு பார்வை பார்த்துவிட்டுச் சொன்னார்:

"உங்களுக்கு மாசச் சம்பளம் கிடையாது. அதனால இந்த வருஷம் எவ்வளவு லாபம் வரும்னு நீங்களே கணிச்சு, அதுக்கான வரியை செப்டம்பர், டிசம்பர், மார்ச்னு தவணையா முன்னாடியே கட்டிடணும். ரொம்பக் குறைச்சுக் கணிச்சா வட்டி போடுவாங்க."

"ஜாஸ்தியா போட்டுட்டா?"

"கணக்கு முடிஞ்சப்புறம் திரும்ப வரும். அதுவரைக்கும் உங்க காசு அங்கதான் இருக்கும்."

"பில்லு பாஸ் ஆவுறதே மார்ச்சுலதான் சார். அதுலயும் வரிக்குன்னு கொஞ்சம் புட்ச்சிக்கினுதான் குடுக்குறாங்க. செப்டம்பர்ல கைல இன்னா கீதுன்னு கட்றது?"

"பிடிச்சதைக் கழிச்சுக்கலாம். மிச்சத்தைக் கட்டித்தான் ஆகணும்."

ஒரு சிறுபாலத்துக்கு எஸ்டிமேட் போடச் சொன்னால் எத்தனை வண்டி மணல், எத்தனை மூட்டை சிமெண்ட் என்று நின்ற இடத்திலேயே சொல்லிவிடுவேன். என் லாபத்துக்கு நானே எஸ்டிமேட் போடுவது அப்படியில்லை. மழை எப்போது வரும், ஜல்லி விலை எங்கே போகும், எந்த பில் எந்த மேஜையில் படுத்திருக்கும் என்று எனக்கு எப்படித் தெரியும்? இவ்வளவும் யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் அந்தக் கேள்வியைக் கேட்டேன்.

"எந்தம்பி நெல்லு போட்றான் சார். என்னைவிட நல்லாவே வருது. அவன் எவ்ளோ கட்டணும்?"

"ஒண்ணும் வேண்டாம். விவசாய வருமானத்துக்கு வருமான வரி இல்லை."

பஸ்ஸில் திரும்பி வரும்போது வழி நெடுக வயல்களாகவே வந்தன. அதற்கு முன்னும் அவை வயல்களாகத்தான் இருந்திருக்கும். அன்றைக்குத்தான் ஒவ்வொன்றும் வரி கட்டாத வயல் என்று கண்ணில் பட்டது.

அதற்குப் பிறகு தம்பியின் களத்துமேட்டுப் பக்கம் போனால் எனக்கு வேறு வேலை ஓடாது. அடுக்கியிருக்கும் மூட்டைகளை எண்ணுவேன். விலையால் பெருக்குவேன். உரம், கூலி, கரண்டு பில் எல்லாவற்றையும் நியாயமாகக் கழிப்பேன். மிச்சத்துக்கு வரி போடுவேன். அவன் வருஷா வருஷம் நிலவரிக் கிஸ்தி என்று கட்டிவந்த சில்லறையை நினைத்து வயிறு எரியும். ஒருநாள் என் மனைவி பக்கத்தில் வந்து நின்றதுகூட எனக்குத் தெரியவில்லை.

"இன்னா வாய்க்குள்ளயே பேசிக்கினு நிக்கிறீங்க?"

"ஒண்ணுமில்ல. இவன் இந்த வருஷம் நல்ல தொகை கட்டணும்."

"யாருக்கு?"

துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன்.

எண்பதுகளின் தொடக்கத்தில் மானாம்பதிச் சாலையில் ஒரு பாலம் எனக்குக் கிடைத்தது. அதுவரை நான் எடுத்ததிலேயே பெரிய வேலை. ஆடிட்டர் கணக்குப் போட்டுச் சொன்ன முதல் தவணை, நான் அதுவரை கட்டியதிலேயே பெரியது. கையில் இருந்ததெல்லாம் கம்பியாகவும் சிமெண்டாகவும் ஓடைக்குள் நின்றது. மனைவியின் செயினை அடகு வைத்தேன். அவள் கழற்றிக் கொடுத்தாள். கதவைத் தாண்டி எதிர்வீட்டைத்தான் பார்த்தாள்.

எதிர்வீட்டு வாசலில் புது மோட்டார் சைக்கிள் நின்றிருந்தது. சொர்ணவாரிப் பட்டத்து அறுப்பு முடிந்து, நெல் விற்ற கையோடு தம்பி வாங்கி வந்திருந்தான். சந்தனமும் குங்குமமும் இன்னும் காயவில்லை. நான் காஞ்சிபுரம் கிளம்புகிறேன் என்று தெரிந்ததும் ஓடி வந்தான்.

"பஸ்ஸு இன்னாத்துக்குணா? ஏறு, நான் கொண்டாந்து வுட்றேன்."

மறுக்கக் காரணம் கிடைக்கவில்லை. செயினை அடகு வைத்து வாங்கிய பணம் சட்டைக்குள் இருக்க, அவன் தோளைப் பிடித்துக்கொண்டு போனேன். வழியில் தெரிந்தவர்கள் எல்லாம் கை காட்டினார்கள். அவனுக்குத்தான் காட்டினார்கள். பேங்கு வாசலில் இறங்கியதும் கேட்டான்:

"பேங்குல இன்னாணா வேலை?"

"வரி. இந்த வருஷ லாபத்துக்கு."

"பாலமே இன்னும் முடியலயே?"

"முடியும்னு கணக்குப் போட்டு கட்றதுதான்."

அவன் சிரித்தான். கெட்ட எண்ணத்தோடு சிரிக்கவில்லை, எனக்குத் தெரியும். "வராத துட்டுக்கா? நல்லா கீதே கதை" என்று சொல்லிவிட்டு டீக்கடைப் பக்கம் போனான். உள்ளே நான் வரிசையில் நின்றேன். சலானில் முத்திரை விழுந்த சத்தத்தில், இந்தப் பணம் நியாயமாக அவன் கட்ட வேண்டியது என்று தோன்றியது. அதை யாரிடம் போய்ச் சொல்ல?

ஐப்பசிக் கடைசியில் புயல் மழை பிடித்தது. எங்கள் ஊர் ஏரி உடைந்தது. பாலத்தின் இரு பக்கமும் நான் கொட்டி வைத்திருந்த மண் அப்படியே போய்விட்டது. தூண்கள் மட்டும் ஓடைக்கு நடுவில் தனியாக நின்றன. தம்பியின் சம்பாப் பயிர் முழுவதும் போயிற்று. வெள்ளம் வடிந்த பிறகு அவன் வயலில் முழங்கால் உயரத்துக்கு மணல் கிடந்தது.

ஊரே அவன் வீட்டுக்குப் போய் வந்தது. தாலுகா ஆபீசிலிருந்து வந்து வயலைப் பார்த்து எழுதிக்கொண்டு போனார்கள். நிவாரணம் வரும் என்றார்கள். கூட்டுறவுக் கடனைத் தள்ளிப்போடுவார்கள் என்றார்கள். என் தம்பி வாசலில் தலையில் கை வைத்து உட்கார்ந்திருந்தான். அவன் பக்கத்தில் போய் நானும் உட்கார்ந்தேன். அவனுக்காக வருத்தப்பட்டது உண்மைதான். ஆனால் அதற்குள்ளேயே இன்னொன்றும் முளைத்தது: என் மண் போனதை யார் வந்து எழுதிக்கொண்டு போனார்கள்? காண்ட்ராக்டர் நஷ்டப்பட்டால் துக்கம் விசாரிக்க ஆள் வருவதில்லை. அவனுடைய வெள்ளம்கூட என்னுடையதைவிட மதிப்பாக இருந்தது.

டிசம்பரில் ஆடிட்டரிடம் போய் எஸ்டிமேட்டைக் குறைக்கச் சொன்னேன். லாபமே இல்லை என்று எழுதுங்கள் என்றேன்.

"அவசரப்படாதீங்க" என்றார். "மார்ச்சுக்கு இன்னும் நாள் இருக்கு. இப்ப உள்ள நிலைமைக்குக் குறைச்சுக் காட்டுவோம். கூடினா கடைசித் தவணையில ஏத்திக்கலாம்."

அவர் சொன்னது நல்லதாயிற்று. தை பிறந்ததும் ஏரி உடைப்பை அடைக்கும் வேலை டெண்டருக்கு வந்தது. எனக்கே கிடைத்தது. சவுக்குக் கட்டை அடித்து, மணல் மூட்டை அடுக்கி, களிமண் போட்டுத் திமிசுக்கட்டையால் இடித்துக் கரையை மேலேற்ற வேண்டும். மாட்டு வண்டிகள் நிறையத் தேவைப்பட்டன. மண் அடிக்க வந்த வண்டிகளில் தம்பியின் வண்டியும் ஒன்று. மோட்டார் சைக்கிளைப் பொங்கலுக்கு முன்பே விற்றுவிட்டான். அவனே ஓட்டினான், வண்டியை.

சனிக்கிழமை கரைமேல் வைத்து வாடகை கொடுப்பேன். மற்ற வண்டிக்காரர்களுக்குப் பின்னால் அவனும் வந்து நின்றான். தனியாகக் கூப்பிட்டுக் கொடுக்கலாம் என்று நினைத்தேன். நினைத்துக்கொண்டே வரிசை முடியும்வரை நிற்கவிட்டேன். எல்லோரும் போன பிறகு அவன் பணத்தை மடியில் முடிந்துகொண்டு, உடைப்பைப் பார்த்தபடியே பேசினான்.

"வெள்ளம் வந்தா எனக்கு மணலு. உனக்கு டெண்டர்."

"என் மண்ணும்தான போச்சு."

"போச்சு. திரும்ப வந்திச்சில்ல?" காலால் ஒரு மண்கட்டியை உடைப்புக்குள் தள்ளினான். "ஒண்ணு சொல்றேன், தப்பா எடுத்துக்காதே. நீ காஞ்சிபுரம் போயி வரி கட்டினு வர்றப்போல்லாம் எனக்கு எரியும்ணா."

எனக்குப் புரியவில்லை. "கட்றவன் நானு. உனக்கு இன்னாத்துக்கு எரியணும்?"

"அவ்ளோ கட்றான்னா அவனுக்கு எவ்ளோ வரும்னு எரியும். அன்னிக்கு உன்னை வண்டில இட்டுனு போனனே, பேங்குக்கு? டீ கூட உள்ள எறங்கல. நெலத்த வித்துட்டு போனவன் கவர்மெண்டுக்கே துட்டு குடுக்குறான், நான் மாட்டோட மாடா கீறேன்னு நெனச்சிக்கினேன்."

அடகு வைத்த செயினைப் பற்றி அவனிடம் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. என்னைப் பார்த்து ஒருவன், அதுவும் இவன், இத்தனை நாள் எரிந்திருக்கிறான் என்பது வெல்லம் போல இனித்தது. அந்த வாரம் முழுக்க அதைச் சப்பிக்கொண்டிருந்தேன். மார்ச்சில் கடைசித் தவணையை ஏற்றிக் கட்டினேன். கட்டிவிட்டு வந்து, தொகையைத் தம்பி காதில் விழும்படி வாசலில் நின்று மனைவியிடம் சொன்னேன்.

அதுதான் வினையாயிற்று. அடுத்த வருஷம் தம்பியும் காண்ட்ராக்டராகப் பதிவு செய்துகொண்டான். வயலிலிருந்து மணலை வாரிவிட்டான், நெல்லும் போட்டான். வண்டியும் ஆட்களும் சொந்தமாக இருந்ததால் என்னைவிடக் குறைத்து டெண்டர் போட்டு ஒரு கால்வாய் வேலையை எடுத்தான். செப்டம்பர் வந்ததும் ஒன்றும் தெரியாதவனாக என்னிடம் வந்து நின்றான். நான்தான் ஆடிட்டரிடம் அழைத்துப் போனேன்.

ஆடிட்டர் முதலில் கால்வாய் வேலையைப் பற்றிக் கேட்டார். பிறகு நெல்லைப் பற்றிக் கேட்டார்.

"நெல்லுக்குத்தான் வரி இல்லயே சார்" என்றான் தம்பி.

"நெல்லுக்கு இல்லை. ஆனா காண்ட்ராக்ட் வருமானமும் வருதே. ரெண்டையும் சேர்த்துப் பார்த்துத்தான், அந்தக் காண்ட்ராக்ட் லாபத்துக்கு எத்தனை சதவீதம் வரின்னு முடிவு பண்ணுவாங்க. அதனால உங்களுக்குக் கொஞ்சம் கூடத்தான் வரும்."

எனக்கு வயிறு குளிர்ந்தது. இத்தனை வருஷம் களத்துமேட்டில் நான் மட்டும் எண்ணிக்கொண்டிருந்த மூட்டைகளைக் கடைசியில் ஒருவர் முறைப்படி கணக்கில் எடுத்துக்கொண்டார். தம்பியின் முகம் வாடுவதைப் பார்த்தேன். "பேஜாரா பூட்ச்சேணா" என்று என் பக்கம் திரும்பினான். கட்டித்தான் ஆகவேண்டும் என்று ஆறுதலாகச் சொன்னேன்.

பிறகு ஆடிட்டர் இருவரின் தொகைகளையும் தனித்தனிச் சீட்டில் எழுதிக் கொடுத்தார். தம்பி தன் சீட்டை மறைக்கவில்லை. அவனுடையது என்னுடையதைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு இருந்தது.

பேங்கில் அவன் எனக்கு முன்னால் நின்றான். கவுண்டரில் இருந்தவர் அவன் தொகையைப் பார்த்துவிட்டு நிமிர்ந்து அவனை ஒருமுறை பார்த்தார். என்னுடையதை வாங்கியபோது நிமிரவில்லை.

வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றி மாட்டினேன். மனைவி சொம்பில் தண்ணீர் கொண்டுவந்தாள்.

"இன்னா மூஞ்சி இப்பிடி கீது? வரி ஜாஸ்தியா?"

"இல்ல" என்றேன். "கம்மி."