ஜெர்மன் நடிகைக்குச் சொன்ன நன்றி

ஒரு ஜெர்மன் நடிகை என் அழகைக் கண்டு கண்ணூறு படாமல் எனக்கு நாவூறு கழித்தார் என்று நான் முழுதாக நம்பினேன். நம்பியது நாலு நிமிடம்தான். ஆனாலும் நல்ல நாலு நிமிடம்.

பிரெஞ்சு பேசும் எங்கள் நகரத்தில், வில்லரே பக்கம் ஒரு சின்ன நாடக அரங்கில் எனக்கு வேலை. கூட்டுவது, திரை இழுப்பது, ரொக்ஸ்பரோவில் தன் மகளோடு இருந்த அந்த நடிகை அம்மாவைக் காரில் ஏற்றி இறக்குவது. வழியில் தன் கதையைச் சொல்வார். பத்தொன்பது வயதில் மேடையில் தட்டு ஏந்தும் வேலைக்காரியாகத் தொடங்கி, கதாநாயகியாகி, பிறகு சினிமாவுக்குப் போய்விட்டார். அங்கே பெரும்பாலும் கொலை செய்தாராம். வயது ஏறியபின் கொலையுண்டாராம். இப்போது நெடுங்காலத்துக்குப் பிறகு திரும்பவும் மேடை.

"சினிமாவில் வசனம் மறந்தால் இன்னொருதரம் எடுப்பார்கள். இங்கே மறந்து, அது திரும்பி வராவிட்டால், இதுதான் என் கடைசி நாடகம்" என்றார்.

முதல் காட்சி ஒரு ஞாயிறு மத்தியானம். திரைக்குப் பின்னால் ஒவ்வொருவரிடமும் போனவர் என்னிடமும் வந்தார். என் இடது தோளுக்கு மேலால் மூன்றுதரம், எச்சில் இல்லாமல், துப்பினார். எங்கள் வீடுகளில் வடிவான பிள்ளைக்குத்தான் இது நடக்கும். ஐம்பத்திரண்டு வயதில் எனக்கும் நடந்துவிட்டதே என்று குளிர்ந்துபோய், "மெர்சி, மதாம்" என்று நன்றி சொன்னேன். அவர் முகம் சுருங்கியது. மேடைக்குப் போய்விட்டார்.

விளக்குகளைப் பார்க்கும் மன்னார் அண்ணை, இங்கே வரமுன் ஜெர்மனியில் இருந்தவர். அவரிடம் பெருமையாகச் சொன்னேன்.

"உம்மட வடிவுக்கோ? அது நாடகம் நல்லா நடக்கவெண்டு அவையின்ர நாடகக்காரர் துப்புற வாழ்த்து. பதிலுக்கு நன்றி சொல்லக்கூடாது. சொன்னா வாழ்த்துப் பலிக்காதாம்."

"நான் சொல்லிப்போட்டன் அண்ணை."

"அப்ப வாயை மூடிக்கொண்டு கயித்தைப் பிடியும்."

ஒரு மனுசியின் முழு வாழ்க்கையையும் ஒரு மெர்சியில் முடித்துவிட்டேன். பிள்ளையாருக்கு மூன்று தேங்காய் நேர்ந்தேன். ஜெர்மன் விவகாரத்தில் அவருக்கு அதிகாரம் உண்டோ தெரியாததால் ஐந்தாக்கினேன். என் தோளுக்கு மேலால் நானே துப்பியும் பார்த்தேன். அது அண்ணையின் சப்பாத்தில் விழுந்தது.

இரண்டாம் அங்கத்தில், பேசிக்கொண்டிருந்த அம்மா நின்றார். வசனம் வரவில்லை. திரையை மூடிவிட என் கை கயிற்றை இழுக்கப் போனது. அண்ணை என் கையை எட்டிப் பிடித்துக்கொண்டார். மேடையில் அம்மா குவளையை எடுத்து, தண்ணீரை ஆறுதலாகக் குடித்து, குவளையை வைத்துவிட்டு வசனத்தைச் சொன்னார். சனம் அதையும் நடிப்பு என்றே நினைத்தது.

திரும்பும்போது காரில் மன்னிப்புக் கேட்டேன். நன்றி சொன்னது தனக்குப் பிடிக்கவில்லைதான் என்று ஒத்துக்கொண்டார்.

"ஆனால் நான் எந்த நாடகத்திலும் முதல் நாள் ஒரு வரி மறப்பேன். அப்போதெல்லாம் நீங்கள் அங்கே இருக்கவில்லையே" என்றார்.

நாடகம் மூன்று கிழமை ஓடியது. அவர் வேறு ஒன்றையும் மறக்கவில்லை. அடுத்த நாடகத்திலும் நடிக்க ஒப்புக்கொண்டார்.